பத்தாங் காலியில் காலியானது எது?

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. பசியாறிவிட்டு நாளிதழைப் பிரித்துக்கொண்டிருந்தேன். கைப்பேசியில் ஒரு படம் வந்து விழுந்தது. இங்கிலாந்தில் மேற்படிப்புப் படிக்கும் என் மகள் அனுப்பியது.

படத்தில் ஒன்றும் பெரிதாக இல்லை. பச்சை வயல், கல்லால் கட்டிய ஏழெட்டு வீடுகள், நடுவில் ஒரு ஒற்றையடிச் சாலை. சாலை ஓரத்தில் மரத்தாலான தகவல் பலகை ஒன்று. வார இறுதியில் தோழிகளோடு நடைப்பயணம் போன இடமாம். அந்தப் பலகையில் அந்தக் குட்டி ஊரின் கதை எழுதியிருந்தது. 1086ஆம் ஆண்டில் அங்கே யார் நிலம் வைத்திருந்தார், எத்தனை ஏர் ஓடியது, எந்த நூற்றாண்டில் எந்த வீடு எழும்பியது என்று வரிசையாக இருந்தது.

படத்துக்குக் கீழே மகள் ஒரு வரி எழுதியிருந்தாள். "அப்பா, ஏழு வீட்டுக்கு இவ்வளவு கதை. நம்ம பாட்டி பிறந்த தோட்டத்துக்கு இப்படி ஒரு பலகை இருக்கா?"

பதில் எழுத எனக்கு அரை மணி நேரம் ஆனது. எழுதியது ஒரே ஒரு சொல்தான். "இல்லை."

அந்த 'இல்லை'தான் இந்த வாரக் கட்டுரை.

ஏழு வீட்டுக்கு ஏன் அவ்வளவு கதை?

ஹேம்லெட் என்றதும் நமக்கு ஷேக்ஸ்பியர் நாடகம்தான் நினைவுக்கு வரும். ஆனால் ஆங்கிலத்தில் அதே சொல்லுக்கு இன்னொரு பொருளும் உண்டு. கிராமத்தைவிடச் சிறிய, பெரும்பாலும் சொந்தமாக ஒரு தேவாலயம்கூட இல்லாத குடியிருப்பு. நம் பேச்சில் சொன்னால் குக்கிராமம், பட்டி.

அப்படிப்பட்ட பட்டிக்கெல்லாம் கதை எங்கிருந்து வந்தது? அந்த நாட்டில் எழுதி வைக்கும் பழக்கம் மிகப் பழையது. 1085 இறுதியில் வில்லியம் மன்னர் நாட்டிலுள்ள நிலம், ஏர், ஆலை, மீன்குளம் எல்லாவற்றையும் வரிக்காகக் கணக்கெடுக்கச் சொன்னார். டோம்ஸ்டே புத்தகம் என்று அதற்குப் பெயர். 1538 முதல் ஒவ்வொரு தேவாலய வட்டாரத்திலும் திருமுழுக்கு, திருமணம், அடக்கம் மூன்றையும் ஏட்டில் பதிய உத்தரவு வந்தது. பிறகு நில அளவைத் துறை வரைபடம் போட்டது. 1899இல் மாவட்டம் மாவட்டமாக ஊர் வரலாறு எழுதும் பெரும் நூல் தொடர் ஒன்றைத் தொடங்கினார்கள். அது இன்னும் முடியவில்லை.

இப்படித் தன் ஊரில் ஒரு பிறப்பையும் ஒரு சாவையும் விடாமல் எழுதிய அதே இனம்தான், கடல் தாண்டி வந்து நம் தோட்டங்களை நடத்தியது. இங்கேயும் எழுதினார்கள். ஆனால் செக்ரோலில் எழுதினார்கள். பேர், எண், எத்தனை நாள் வேலை, எத்தனை ராத்தல் பால், எவ்வளவு கூலி. அந்த ஏட்டில் வேலை இருந்தது, வாழ்க்கை இல்லை.

இரண்டு டிசம்பர்கள்

பத்தாங் காலி என்றதும் வெளியூர்க்காரர்களுக்கு இரண்டு செய்திகள்தான் தெரியும். இரண்டுமே டிசம்பர் மாதத்தில் நடந்தவை. இரண்டுமே சாவுச் செய்திகள்.

முதலாவது 1948 டிசம்பர். அந்த ஆண்டு ஜூன் மாதம் மலாயாவில் அவசரகாலம் பிறப்பிக்கப்பட்டது. நம் பெரியவர்கள் 'கம்யூனிஸ்ட் காலம்' என்று சொல்வது அதைத்தான். டிசம்பர் 11ஆம் தேதி மாலை, பத்தாங் காலி அருகே சுங்கை ரெமோக் ரப்பர் தோட்டத்தில் இருந்த சீனத் தொழிலாளர் குடியிருப்புக்குள் பிரிட்டிஷ் படையின் ஸ்காட்ஸ் கார்ட்ஸ் பிரிவினர் நுழைந்தார்கள். ஆண்களைத் தனியாகவும், பெண்கள் பிள்ளைகளைத் தனியாகவும் பிரித்தார்கள். அன்றிரவே ஓர் இளைஞர் சுட்டுக் கொல்லப்பட்டார். மறுநாள் 12ஆம் தேதி காலை பெண்களையும் பிள்ளைகளையும் லோரியில் ஏற்றி அனுப்பினார்கள். பிறகு ஆண்கள் சுடப்பட்டார்கள். மொத்தம் 24 பேர். யார் கையிலும் ஆயுதம் இல்லை. வீடுகளுக்குத் தீ வைக்கப்பட்டது.

'தப்பி ஓட முயன்றபோது சுடப்பட்டார்கள்' என்பது அரசாங்கம் அன்று சொன்ன விளக்கம். 1970இல் அந்தப் படையில் இருந்த சிலரே பிரிட்டிஷ் பத்திரிகை ஒன்றில் வேறு கதை சொன்னார்கள். ஸ்காட்லாந்து யார்டு போலீஸ் விசாரணை தொடங்கியது. அதே ஆண்டு லண்டனில் ஆட்சி மாறியதும் அது நின்றது. இறந்தவர்களின் குடும்பத்தார் விடவில்லை. மனு கொடுத்தார்கள், வழக்குப் போட்டார்கள். 2015 நவம்பரில் பிரிட்டனின் உச்ச நீதிமன்றம் வரை அந்த வழக்கு போனது. ஐந்து நீதிபதிகளில் ஒருவர் மட்டுமே விசாரணை நடத்தப்பட வேண்டும் என்றார். மற்ற நால்வரின் தீர்ப்பால் வழக்குத் தோற்றது. 67 ஆண்டுகள் கழித்து ஒரு தோல்வி. ஆனாலும் அந்த 24 பேரின் கதை இன்று உலகத்துக்குத் தெரியும். காரணம், அவர்கள் வீட்டுப் பெண்களும் பிள்ளைகளும் தேதியையும் இடத்தையும் பேரையும் மறக்க மறுத்தார்கள்.

இரண்டாவது டிசம்பர் நம் கண்முன் நடந்தது. 2022 டிசம்பர் 16, விடியற்காலை மூன்று மணிக்குச் சற்று முன். பத்தாங் காலியிலிருந்து கெந்திங் மலைக்கு ஏறும் சாலையோரத்தில் மலைச்சரிவு இடிந்து, கூடாரம் அடித்துத் தங்கியிருந்தவர்கள் மேல் விழுந்தது. 31 பேர் இறந்தார்கள். பள்ளி விடுமுறைக்குப் பிள்ளைகளோடு வந்த குடும்பங்கள்.

இந்த இரண்டுக்கும் தேதி உண்டு. எண்ணிக்கை உண்டு. அதே வட்டாரத்தில் மூன்றாவதாக ஒன்றும் நடந்தது. அதற்குத் தேதி கிடையாது. ஒரே நாளில் நடக்காததால் செய்தியாகவும் வரவில்லை. தோட்டங்கள் காலியானதைச் சொல்கிறேன்.

பெயரும் நிலமும்

மலாய் மொழியில் 'பத்தாங்' என்றால் அடிமரம், தண்டு. பெரிய ஆற்றையும் அப்படிச் சொல்வதுண்டு. 'காலி' என்பது ஜாவா மொழியில் ஆறு. ஆனால் தமிழ்க் காதுக்குக் காலி என்றால் ஒன்றுமில்லாமல் போவது. சின்ன வயதில் எங்கள் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு இது ஒரு விளையாட்டு. 'பத்தாங் காலி, பாக்கெட்டும் காலி' என்று பாடிக்கொண்டே சீனர் கடைக்கு ஓடுவோம். அந்த விளையாட்டு ஒருநாள் உண்மையாகும் என்று யாருக்குத் தெரியும்?

கோலாலம்பூரிலிருந்து வடக்கே சுமார் 50 கிலோமீட்டர். பழைய ஒன்றாம் எண் கூட்டரசுச் சாலையில் ரவாங், செரண்டா, பத்தாங் காலி, ராசா, கோலகுபு பாரு, தஞ்சோங் மாலிம் என்று ஊர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வரும். இரயில் பாதையும் இதே வரிசையில்தான் போகிறது. கிழக்கே தித்திவங்சா மலைத்தொடர் சுவர் போல நிற்கிறது. மேற்கே நிலம் மெல்லத் தாழ்ந்து கோல சிலாங்கூர் கடற்கரை வரை போகிறது.

இந்த மொத்த நிலத்தையும் கட்டிப்போட்டிருப்பது ஓர் ஆறு. பத்தாங் காலி ஆறு மலையிலிருந்து இறங்கி சிலாங்கூர் ஆற்றில் கலக்கிறது. சிலாங்கூர் ஆறு பத்தாங் பெர்ஜுந்தை, அதாவது இன்றைய பெஸ்தாரி ஜெயா வழியாக ஓடி, மின்மினிப் பூச்சிகளுக்குப் பேர்போன கம்போங் குவாந்தானைத் தாண்டி, மலாவாத்தி குன்றின் அடிவாரத்தில் கடலைத் தொடுகிறது. 1784இல் டச்சுக்காரர்கள் பிடித்துக் கோட்டை கட்டிய குன்று அது. கிள்ளான் பள்ளத்தாக்கில் நாம் திறக்கும் குழாய்நீரில் பாதிக்கு மேல் இந்த ஆற்றுப் படுகைத் தண்ணீர்தான். ஷா ஆலாமிலோ பெட்டாலிங் ஜெயாவிலோ அடுக்குமாடியில் தே ஓ கலக்குகிறவர்கள், தாத்தா பால்மரம் வெட்டிய காட்டில் பெய்த மழையைத்தான் குடிக்கிறார்கள்.

இந்த ஆறு சாதுவும் அல்ல. 1883இல் மேலே கோலகுபுவில் பழைய அணை உடைந்து ஊரையே அடித்துக்கொண்டு போனது. அதன் பிறகும் வெள்ளமும் மணலும் விடவில்லை. கடைசியில் ஊரையே மேடான இடத்துக்கு மாற்றினார்கள். அதனால்தான் அது கோலகுபு 'பாரு', புதிய கோலகுபு. மலைச்சரிவும் தண்ணீரும் இந்த வட்டாரத்தில் எப்போதும் மனிதனைச் சும்மா விட்டதில்லை.

ஈயம் போய் கித்தா வந்தது

முதலில் இங்கே ஈயம் இருந்தது. ராசா, செரண்டா, கோலகுபு எல்லாம் ஈயத்தால் எழுந்த ஊர்கள். ஈயத்தைத் துறைமுகத்துக்குக் கொண்டுபோக 1890களில் இரயில் பாதையை வடக்கே நீட்டினார்கள். தண்டவாளம் போட்டதில் நம்மவர்களின் கை பெரிது.

பிறகு ரப்பர் வந்தது. மோட்டார் காருக்குச் சக்கரம் தேவைப்பட்ட காலம். 1910 வாக்கில் லண்டன் பங்குச் சந்தையில் ரப்பர் கம்பெனிப் பங்குகளுக்குப் பைத்தியம் பிடித்த மாதிரி கிராக்கி. அந்தப் பணம் உலு சிலாங்கூரிலும் கோல சிலாங்கூரிலும் காட்டை அழித்து நிரை நிரையாகக் கித்தா மரம் நட்டது.

நட்டவர்கள் தங்கள் மண்ணின் பெயர்களையும், வீட்டு மனிதர்களின் பெயர்களையும் தோட்டங்களுக்கு வைத்தார்கள். சிலாங்கூர் தோட்டப் பெயர்களை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். மேரி, நைஜல் கார்ட்னர், ரிவர்சைடு, ஹோப்ஃபுல், மிட்லண்ட்ஸ், கிளென்மேரி, வெஸ்ட் கண்ட்ரி, எடின்பரோ. வரைபடத்தைப் பார்த்தால் ஏதோ பிரிட்டனில் இருப்பது போலிருக்கும். உள்ளே போனால் மாரியம்மன் கோயிலும் தப்புச் சத்தமும். நம் ஆயாக்கள் அந்தப் பெயர்களைத் தங்கள் நாக்குக்குத் தகுந்தபடி வளைத்துக்கொண்டார்கள். துரைக்கு அவர் பாட்டி ஊர் நினைவு. நமக்கு அது பிழைக்க வந்த ஊர்.

வந்த வழி எல்லாருக்கும் தெரியும். முதலில் சஞ்சிக்கூலி முறை. 1910இல் அது நிறுத்தப்பட்டது. பிறகு கங்காணி முறை. கங்காணி சொந்த ஊருக்குப் போய்ச் சொந்தக்காரர்களையும் ஊர்க்காரர்களையும் திரட்டி வந்தார். நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறினால் பினாங்கு. 1938இல் இந்திய அரசாங்கம் இப்படி ஆள் அனுப்புவதைத் தடைசெய்தது. அதற்குள் சேலம், வட ஆற்காடு, திருச்சி, தஞ்சாவூர் என்று ஒவ்வொரு சீமையும் ஒவ்வொரு லயத்தில் குடியேறியிருந்தது.

காலண்டர் தாளில் ஒரு வரைபடம்

மகளின் கேள்வி என்னை விடவில்லை. அடுத்த ஞாயிறு அம்மாவின் முன்னால் போய் உட்கார்ந்தேன். அம்மாவுக்கு எண்பதை நெருங்கும் வயது. பழைய காலண்டர் தாளைத் திருப்பிப் போட்டு, கையில் பேனாவைக் கொடுத்து, "தோட்டத்தை வரைஞ்சு காட்டும்மா" என்றேன்.

"எனக்கு என்ன தெரியும் வரைய" என்று சொல்லிக்கொண்டேதான் ஆரம்பித்தார். முதலில் போட்டது கோயில். அதற்கு எதிரே பெரட்டுக் களம். மேட்டில் துரை பங்களா. அதற்குக் கீழே கிராணி வீடு, பிறகு டிரசர் வீடு. சரிவில் லயம், ஆறு வரிசை. லயத்துக்குப் பின்னால் ஆயாக் கொட்டகை. அதற்கு அப்பால் பள்ளிக்கூடம். 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டத்தின்படி, பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேருக்கு மேல் இருந்தால் தோட்ட நிர்வாகம் பள்ளிக்கூடம் வைக்க வேண்டும். ஒரே அறையும் ஒரே ஆசிரியரும் கொண்ட அந்தப் பள்ளிகள்தான் இந்த நாட்டுத் தமிழ்க் கல்வியின் அடித்தளம். பிறகு செம்மண் சடக்கு, பால் ஸ்டோர், கள்ளுக்கடை. எல்லாம் முடிந்து காட்டு ஓரத்தில் சுடுகாடு.

சின்னம்மாவும் வந்து சேர்ந்தார். உடனே தகராறு. கள்ளுக்கடை கோயிலுக்கு இடது பக்கமா, வலது பக்கமா? அம்மா இடது என்றார். சின்னம்மா, "அக்கா, நீ எந்தக் காலத்துல கள்ளுக்கடைப் பக்கம் போன? அப்பாவைக் கூப்பிட என்னையத்தானே அனுப்புவீங்க" என்றார். வலது பக்கம் என்று முடிவானது.

பேனா ஓடஓட வாயும் ஓடியது. விடியுமுன் ஐந்து மணிக்கெல்லாம் மணி அடிக்கும். பெரட்டில் பேர் கூப்பிடுவார்கள். மண்டோர் நிரை பிரித்துக் கொடுப்பார். குளிர் இருக்கும்போதே மரம் வெட்டினால்தான் பால் நன்றாக ஓடும், வெயில் ஏறினால் பால் கட்டிவிடும். ஒருவருக்கு நானூறு, ஐந்நூறு மரம். உளியைப் பட்டையில் எவ்வளவு ஆழம் இறக்க வேண்டும் என்பதற்கு அளவுகோல் கிடையாது, கைதான் அளவு. கொஞ்சம் குறைந்தால் பால் வராது. கொஞ்சம் அதிகமானால் மரத்துக்குக் காயம், மண்டோரிடம் திட்டு. முடிந்ததும் மங்கு மங்காகப் பாலை வாளியில் ஊற்றி, காண்டாவில் மாட்டித் தோளில் சுமந்து ஸ்டோருக்கு நடக்க வேண்டும். மழை பெய்தால் வேலை இல்லை. வேலை இல்லை என்றால் கூலி இல்லை.

கம்யூனிஸ்ட் காலத்தைக் கேட்டேன். அம்மா அப்போது சின்னப் பிள்ளை. லயத்தைச் சுற்றி முள்வேலி போட்டது நினைவிருக்கிறது. மாலையானால் கேட்டைச் சாத்திவிடுவார்கள். காலையில் வேலைக்குப் போகிறவர்களைச் சோதனை போட்டுத்தான் வெளியே விடுவார்கள். காட்டில் இருப்பவர்களுக்கு அரிசி போய்விடக்கூடாது என்று சாப்பாடு கொண்டுபோகத் தடை. அம்மாவின் அம்மா வெறும் வயிற்றோடு மரம் வெட்டிவிட்டு வருவாராம். இரவில் துப்பாக்கிச் சத்தம் கேட்டால் மண்தரையில் படுத்துக்கொள்ள வேண்டும். காட்டுக்காரன் வந்தாலும் பயம், பட்டாளத்துக்காரன் வந்தாலும் பயம். 1951 அக்டோபர் 6ஆம் தேதி கோலகுபு பாருவுக்கு மேலே பிரேசர் மலைச் சாலையில் பிரிட்டிஷ் உயர் ஆணையர் ஹென்றி கர்னியே சுட்டுக் கொல்லப்பட்டார் என்றால், முள்வேலிக்குள் இருந்த ஏழைத் தொழிலாளியின் நிலையை நினைத்துக்கொள்ளுங்கள்.

சுங்கை ரெமோக்கில் செத்தவர்கள் சீனர்கள். ஆனால் பக்கத்துத் தோட்டங்களில் வாழ்ந்த நம்மவர்களுக்கும் அந்தச் சாவு தூரத்தில் நடந்ததாகத் தோன்றவில்லை. அவர்களும் கித்தா மரத்தை நம்பியவர்கள்தான், வெள்ளி எண்ணிக் குடும்பம் நடத்தியவர்கள்தான். அம்மா சொன்ன ஒரு வரியை அப்படியே தருகிறேன். "அங்க நடந்தது இங்க நடக்கறதுக்கு ஒரு சடக்குத்தான் நடுவுல."

எப்படிக் காலியானது?

தோட்டம் ஒரே நாளில் காலியாகவில்லை. அதை நான்கு படிகளாகப் பார்க்கலாம்.

முதல் படி துண்டாடல். சுதந்திரம் நெருங்கிய காலத்திலும் அதற்குப் பிறகும் ஐரோப்பிய முதலாளிகள் தோட்டங்களை விற்றார்கள். வாங்கியவர்கள் துண்டு துண்டாகப் பிரித்து விற்றார்கள். துண்டான நிலத்தில் லயத்துக்கும் பள்ளிக்கும் ஆஸ்பத்திரிக்கும் பொறுப்பேற்க யாரும் இல்லை. இதைத் தடுக்கத்தான் 1960இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தோட்டம் தோட்டமாகப் போய்த் தொழிலாளர்களிடம் பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்து, கடாவில் புக்கிட் சீடிம் தோட்டத்தை முதலில் வாங்கினார்கள். பல தோட்டங்கள் அப்படித் தப்பின. தப்பாதவை அதைவிட அதிகம்.

இரண்டாவது படி 1969. குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதி கட்டாயமானது. இந்த மண்ணிலேயே பிறந்து, தாள் மட்டும் இல்லாதவர்கள் பல்லாயிரம் பேர். பலர் கப்பல் ஏறினார்கள். லயத்தில் பக்கத்து வீடு பூட்டிக் கிடப்பதை அம்மா முதன்முதலாகப் பார்த்தது அப்போதுதான்.

மூன்றாவது படி செம்பனை. ரப்பர் விலை ஏறியும் இறங்கியும் ஆட்டம் காட்டியது. செம்பனைக்கு ஆள் குறைவாகப் போதும், லாபம் நிலையானது. தினமும் மரத்துக்கு மரம் உளி போடுகிற கைகளுக்கு வேலை குறைந்தது. குறைந்த கூலிக்கு வெளிநாட்டுத் தொழிலாளர்கள் வந்தார்கள். நம் பிள்ளைகள் தொழிற்சாலைகளைத் தேடிப் போனார்கள். சுங்கை சோவில் பெரோடுவா கார் ஆலை வந்தபோது, அப்பா பால்மரம் வெட்டிய கையோடு வர, மகன் கார் பூட்டிய கையோடு வீடு திரும்பிய குடும்பங்கள் உண்டு. அதைக் குறையாகச் சொல்ல மாட்டேன். அந்த மகனுக்கு மாதச் சம்பளம் கிடைத்தது, மழை பெய்தாலும் கிடைத்தது.

நான்காவது படி மேம்பாடு. வடக்கு தெற்கு நெடுஞ்சாலை வந்தது. 1990களில் புக்கிட் பெருந்தோங், புக்கிட் செந்தோசா என்று புதிய நகரங்கள் எழுந்தன. தோட்ட நிலம் ஏக்கர் கணக்கிலிருந்து சதுர அடிக் கணக்குக்கு மாறியது. லயத்து வீடு வேலையோடு ஒட்டியது. வேலை போனால் வீடும் போச்சு. முப்பது, நாற்பது ஆண்டு உழைத்தவருக்குக் கடைசியில் சொந்தமாக ஓர் அடி மண் கிடையாது. மேரி, நைஜல் கார்ட்னர், சுங்கை திங்கி, புக்கிட் தாகார், மின்யாக் ஆகிய ஐந்து தோட்டங்களின் 245 குடும்பங்கள் சொந்த வீட்டுக்காகப் பல ஆண்டுகள் நடையாய் நடந்தது நம் பத்திரிகை வாசகர்களுக்குத் தெரியும். கடைசியில் அவர்களுக்கென்று ஒரு வீடமைப்புத் திட்டம் வந்தது. காத்திருந்தவர்களில் சிலர் அதைப் பார்க்கக் கொடுத்து வைக்கவில்லை.

பள்ளிகளும் இடம் பெயர்ந்தன. 1957இல் நாட்டில் 880க்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் இருந்தன. இன்று சுமார் 530. தாமான் நடுவில் நிற்கும் ஒரு பள்ளியின் பெயரில் 'லாடாங்' என்று இருந்தால், அது காலியான ஒரு தோட்டத்திலிருந்து நடந்து வந்த பள்ளி. சில தோட்டங்களுக்கு இன்று மிஞ்சியிருக்கும் ஒரே முகவரி அந்தப் பள்ளியின் பெயர்ப்பலகைதான்.

இழந்தது எது, இழக்காதது எது?

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். லயத்து வாழ்க்கைக்கு நான் ஏங்கவில்லை. பத்தடி அறையில் எட்டுப் பேர் படுத்ததும், துரை கார் வந்தால் சைக்கிளை விட்டு இறங்கி நின்றதும், சம்பளத்து நாளில் கள்ளுக்கடை வாசலில் பெண்கள் காத்து நின்றதும் பொற்காலம் அல்ல. அம்மாவே சொல்வார், "என் பேத்தி மங்கு கழுவாம வளர்ந்ததே எனக்குப் போதும்."

நான் கேட்பது வேறு. வாழ்க்கை மாறலாம். மாறத்தான் வேண்டும். ஆனால் நூறு ஆண்டுகள் மனிதர் வாழ்ந்த ஓர் இடம், அங்கே யாருமே வாழாதது போல ஆகிவிடலாமா? கைப்பேசி வரைபடத்தில் அம்மாவின் தோட்டத்தைத் தேடினேன். ஒரு தாமான் பெயரும் ஒரு பெட்ரோல் நிலையமும் காட்டியது. தோட்டத்தின் பெயரை இங்கே வேண்டுமென்றேதான் எழுதவில்லை. நீங்கள் உங்கள் தோட்டத்தின் பெயரை அந்த இடத்தில் வைத்துப் படிக்கலாம்.

சுங்கை ரெமோக் குடும்பங்கள் நமக்குச் சொல்லித்தரும் பாடம் இதுதான். நீதிமன்றம் கைவிட்டாலும் நினைவு கைவிடவில்லை. பேர், தேதி, இடம் மூன்றும் இருந்ததால்தான் அவர்களால் லண்டன் வரை போய்க் கேட்க முடிந்தது. மூன்றும் இல்லாதவர் எந்த வாசலிலும் எதையும் கேட்க முடியாது. வீட்டு உரிமைக்குப் போராடிய தோட்டத்து மக்களிடம் முதலில் கேட்கப்பட்டதும் இதுதானே, எத்தனை ஆண்டு இங்கே வாழ்ந்தீர்கள், அத்தாட்சி எங்கே?

இந்த வாரம் செய்யக்கூடிய வேலை

இங்கிலாந்துப் பட்டிக்கு மன்னரும் தேவாலயமும் எழுதி வைத்தார்கள். நமக்கு நாம்தான் எழுத வேண்டும். அதற்குப் பட்டம் வேண்டாம், பணமும் வேண்டாம்.

வீட்டில் பழைய பெட்டியைத் திறங்கள். அப்பா அம்மாவின் பிறப்புப் பத்திரத்தில், அதாவது சூராட் பெரானாக்கில், பிறந்த இடம் என்ற கட்டத்தைப் பாருங்கள். அங்கே பெரும்பாலும் ஒரு தோட்டத்தின் பெயர் இருக்கும். அதுதான் உங்கள் குடும்ப வரலாற்றின் முதல் வரி. திருமணப் பத்திரிகை, கோயில் திருவிழா நோட்டீஸ், பள்ளியில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம், பழைய சம்பளச் சீட்டு எதையும் குப்பையில் போடாதீர்கள். படத்தின் பின்புறம் யார் யார், எந்த ஆண்டு என்று பென்சிலால் எழுதுங்கள்.

வீட்டுப் பெரியவரிடம் ஒரு தாளையும் பேனாவையும் கொடுங்கள். 'கதை சொல்லுங்கள்' என்றால் அவர்களுக்கு ஓடாது. 'வரைந்து காட்டுங்கள்' என்றால் கை ஓடும், கதை தானாக வரும். பேசுவதைக் கைப்பேசியில் பதிவு செய்யுங்கள். இரண்டு பெரியவர்கள் இருந்தால் இன்னும் நல்லது. ஒருவர் தவறை ஒருவர் திருத்துவார்கள், கள்ளுக்கடை சரியான பக்கத்துக்கு வந்து சேரும்.

தோட்டத்துச் சுடுகாடு எங்கே இருந்தது என்று இன்றே கேட்டு வையுங்கள். கோயிலை இடம் மாற்றிக் கட்டியிருப்பார்கள், பள்ளியை மாற்றியிருப்பார்கள். சுடுகாட்டை யாரும் தூக்கிக்கொண்டு போக மாட்டார்கள். அதன்மேல்தான் கட்டடம் வரும். கோலாலம்பூரில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் பழைய சிலாங்கூர் அரசாங்கக் கோப்புகள் இருக்கின்றன. ஆராய்ச்சியாளர்தான் போக வேண்டும் என்றில்லை. வேலைக்குப் போகும் இளைஞர்கள் ஒரு நாள் விடுப்பு எடுத்துப் போய்ப் பாருங்கள். சொந்த ஊரின் பேரை நூறு ஆண்டுப் பழைய தாளில் பார்க்கும்போது வரும் உணர்வு, எந்தச் சுற்றுலாவிலும் கிடைக்காது.

அம்மா வரைந்த காலண்டர் தாளைப் படம் பிடித்து மகளுக்கு அனுப்பினேன். லயம் ஆறு வரிசை, ஒவ்வொரு கதவுக்கும் ஒரு பேர். அம்மா 43 வீடுகளுக்குப் பேர் சொல்லியிருந்தார். ஐந்து கட்டங்கள் மட்டும் காலியாக இருந்தன.

சிறிது நேரத்தில் மகளிடமிருந்து பதில் வந்தது. "அந்த அஞ்சு வீட்டுல யாருன்னு சின்னப் பாட்டிகிட்ட கேட்டீங்களா?"

கேட்டேன். மூன்று நிரம்பிவிட்டது. இரண்டு பாக்கி.